பின்னுக்குச் சுற்றிய காமன்

என் வீட்டுக்காரரை நான் முதன்முதலில் பார்த்தபோது அவர் சேலை கட்டியிருந்தார். தலையில் கொண்டை, கொண்டையில் கனகாம்பரம், இரண்டு கையிலும் கண்ணாடி வளையல். மலைநாட்டில், எங்கள் தேயிலைத் தோட்டத்துக்கு அடுத்த தோட்டத்தில், மாசி மாதத்துக் காமன் கூத்து. சிவன் நெற்றிக்கண்ணால் காமனை எரித்ததும் அவன் மனைவி ரதி புலம்பும் இடம் ஒன்று வரும். அந்த ரதி இவர்தான். வளையலை உடைத்து, பொட்டை அழித்து, தாலியைக் கழற்றிச் சாம்பலில் போட்டுவிட்டு இவர் பாடிய பாட்டில் கூத்துப் பொட்டல் முழுவதும் அழுதது. எனக்குப் பதினெட்டு வயது. அழுத அழுகையில் மூக்கு வீங்கிவிட்டது. இரண்டு மாதம் கழித்து அதே ஆள் வேட்டி சட்டையோடு என்னைப் பெண் பார்க்க வந்தார். எனக்கு அடையாளம் தெரியவில்லை. அத்தைதான் காதில் "ரதிடீ" என்றாள். ஒரு பொம்பளையைப் பார்த்து மயங்கிக் கல்யாணம் செய்துகொண்ட பொம்பளை இந்த நாட்டிலேயே நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

கல்யாணமான புதிதில் எனக்குச் சேலைக் கொசுவம் வைத்துவிட்டது அவர்தான். என்னைவிட நன்றாக வைப்பார். பக்கத்து லயத்து வரிசைவீட்டுப் பெண்கள் சிரித்தார்கள். சிரித்துவிட்டு, தங்கள் சேலைக்கும் வைத்துத் தரச் சொல்லி வாசலில் வந்து நின்றார்கள்.

ஒரு பழைய பிஸ்கட் தகரப் பேணியை அவர் கண்ணும் கருத்துமாக வைத்திருந்தார். அதற்குள் நாலு சின்னச் சுருள் பிலிம். எங்கள் கல்யாணத்துக்கு முந்திய வருடம், தோட்டத்துத் துரையின் பங்களாவுக்கு விருந்தாளியாக ஒரு வெள்ளைக்காரப் பையன் வந்திருந்தானாம். கையில் சாவி கொடுத்து முறுக்குகிற சின்னக் கமெரா. இரவில் நடந்த காமன் கூத்தைப் பார்த்துவிட்டு, படம் எடுக்க இந்த வெளிச்சம் போதாது, பகலில் ஒருமுறை ஆடிக் காட்டுங்கள் என்று கேட்டிருக்கிறான். கூத்துக்குப் பெரியவர் என் வீட்டுக்காரரின் தாய்மாமன். தப்பு மேளம் அடிப்பவரும் அவரே, கதை சொல்லிப் பாடுபவரும் அவரே. அவர் முடியாது என்று முகத்தைத் திருப்பிக்கொண்டார். அவர் தூங்கப் போன நேரம் பார்த்து, மறுநாள் காலையில் இளந்தாரிகள் எல்லாம் சேர்ந்து லயத்துக்கு முன்னால் ஆடிவிட்டார்கள். வைக்கோலைக் கொளுத்திக் காமனையும் எரித்துவிட்டார்கள். பிலிம் முடிந்தது. வெள்ளைக்காரன் பகல் ரயிலுக்குப் போய்விட்டான். ஆறு மாதம் கழித்துத் தபாலில் இந்தச் சுருள்கள் வந்தன. பாட்டும் கிடையாது, தப்பும் கிடையாது. அந்தக் கமெராவுக்குக் கண் மட்டும்தான், காது இல்லை.

தோட்டத்தில் அதைப் போட்டுப் பார்க்க யாரிடம் மெசின் இருந்தது? அவர் பிலிமைக் கதவு வெளிச்சத்துக்கு நேரே பிடித்து, "இந்தா, இதுதான் நானு" என்று காட்டுவார். எறும்பளவுக்கு ஒரு பொம்பளை நிற்கும். நானும் பார்த்துவிட்டு, "அழகாத்தான் இருக்கா, யாரு கட்டிக்கிட்டாளோ" என்பேன்.

மாமாவுக்கு அந்தப் பேணியைக் கண்டாலே ஆகாது. எங்கள் வழக்கத்தில் காமனை எரித்தவர்கள் மூன்றாம் நாள் பாட்டுப் பாடி அவனை உயிரோடு எழுப்ப வேண்டும். எழுப்பாமல் விட்டால் பாவம். இரவில் எரித்த காமனை மாமா முறைப்படி எழுப்பினார். பகலில் கமெராவுக்காக எரித்த காமனை யாரும் எழுப்பவில்லை. "காமன் ஒருத்தன்தானே, ஒருக்கா எழுப்பினாப் போதாதா?" என்று கேட்டால், "ரெண்டு தரம் எரிச்சா ரெண்டு தரம் எழுப்பணும்" என்பார். அதற்குப் பிறகு தமிழரை அடித்து விரட்டிய கலவரம் வந்தது, தோட்டத்தை விட்டு ஓடினோம், பத்துக் குடும்பமாகக் கிளிநொச்சிப் பக்கம் வந்து காடு வெட்டினோம், மலேரியாக் காய்ச்சலில் கிடந்தோம். எல்லாவற்றுக்கும் மாமா அந்தப் பேணியைத்தான் கைகாட்டினார். நாடே பற்றி எரிந்ததற்கு எங்கள் வீட்டுப் பிஸ்கட் பேணிதான் காரணம் என்றால் அதற்குமேல் என்ன பேச? நான் வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பேன்.

பிறகு சிரிப்பு நின்றுபோன வருடம் வந்தது.

யுத்தம் நெருங்கி, கிளிநொச்சியை விட்டு எல்லோரும் வெளிக்கிட்ட அன்று நாங்கள் அக்கராயன் பக்கமாக நடந்துகொண்டிருந்தோம். சைக்கிளில் அரிசி மூட்டை, பானைகள், முகம் பார்க்கிற கண்ணாடி, அந்தப் பேணி. பாதி வழியில் அவர் நின்றார். "மாட்டை அவுத்துவிடாம வந்துட்டோம். கட்டுல கிடந்து செத்துப்போகும். அவுத்துவிட்டுட்டு வந்துர்றேன்." மூட்டையை இறக்கி என்னிடம் விட்டுவிட்டுச் சைக்கிளைத் திருப்பினார். கொஞ்சத் தூரம் போய்த் திரும்பிப் பார்த்து ஏதோ சொன்னார். சனத்தின் சத்தத்திலும் ஷெல் சத்தத்திலும் எனக்குக் கேட்கவில்லை. நான் சரி என்று தலையாட்டினேன். என்னவென்று தெரியாமலேயே தலையாட்டினேன்.

நாலாம் நாள் மாடு வந்தது. யாரோ தங்கள் மாடுகளைச் சாய்த்துக்கொண்டு வந்தபோது இதுவும் கூட வந்திருக்கிறது. கயிறு அறுந்திருக்கவில்லை. அவிழ்த்து, அவர் சுற்றுவது போலவே கழுத்தில் மூன்று சுற்றாகச் சுற்றி முடிந்திருந்தது. அவர் வீடுவரைக்கும் போயிருக்கிறார், தன் கையால் அவிழ்த்திருக்கிறார். அவ்வளவுதான் எனக்குத் தெரியும்.

எங்களுக்குப் பிள்ளைகள் இல்லை. அக்கராயனில் காட்டோரமாக ஒரு கிடுகுக் கொட்டில் போட்டுக்கொண்டு நானும் மாடும் இருந்தோம். ஒரு ஆளுக்கு மட்டும் சோறு வடிக்க எனக்குக் கை பழக ஒரு வருடம் எடுத்தது. வெயிலையும் பட்டினியையும் தாங்கிக்கொள்ளலாம். சத்தமில்லாத வீட்டைத்தான் தாங்க முடியவில்லை. அவர் எந்நேரமும் எதையாவது முணுமுணுத்துப் பாடிக்கொண்டிருப்பவர். விறகு கொத்தினால் பாட்டு, மாட்டைக் குளிப்பாட்டினால் பாட்டு. "கொஞ்ச நேரம் வாயை மூடுங்களேன்" என்று எத்தனை தரம் எரிந்து விழுந்திருக்கிறேன். அந்த வார்த்தையை நினைத்தால் எனக்கு என்மேலேயே ஆத்திரம் வரும்.

நிவாரணம் எடுக்கப் போகும்போதெல்லாம் கிராம அலுவலர் விதானையார் அட்டையில் என் வீட்டுக்காரரின் பெயரைப் பார்த்துவிட்டு, "இவரை வெட்டட்டோ?" என்று கேட்பார். மனிதர் நல்லவர்தான். ஆனால் அந்தச் சொல்லைக் கேட்டதும் எனக்குக் கோபம் தலைக்கு ஏறும். "வெட்ட வேணாம், இருக்கட்டும்" என்பேன். நெளுக்குளத்தில் ஒரு முகாமில் அவரைப் போல ஒருவரைக் கண்டதாக ஒருத்தி சொன்னாள். அவர் கையில் ஒரு தழும்பு உண்டு; எந்தக் கையில் என்று கேட்டேன், அவளுக்குத் தெரியவில்லை. எங்களோடு இடம்பெயர்ந்து வந்த எங்கள் சனத்துப் பெண்களோ, "மூணு வருசமாச்சு, செய்யவேண்டியதச் செஞ்சிரு. ஆத்மா அலையக்கூடாது" என்று தொடங்கினார்கள். செய்யவேண்டியது என்றால் பொட்டை அழிப்பது, ஒப்பாரி வைப்பது. நான் முன்னைவிடப் பெரிதாகப் பொட்டு வைத்துக்கொண்டு தண்ணீர் அள்ளப் போனேன்.

அந்த நாட்களில்தான் எனக்குப் பக்கத்துக் கொட்டிலுக்கு ஒப்பரேட்டர் வந்தார். யாழ்ப்பாணத்தில் ஒரு தியேட்டரில் முப்பது வருடம் படம் ஓட்டியவர். மனைவி முன்னமே தவறிவிட்டாள், மகன்கள் வெளிநாட்டில். இடம்பெயர்ந்து வரும்போது மற்றவர்கள் அரிசியும் உடுப்பும் கொண்டுவர, இந்த மனிதர் பழுதாய்ப்போன ஒரு சின்னப் புரொஜெக்டரைச் சாக்கில் கட்டித் தூக்கிக்கொண்டு வந்திருக்கிறார். பல்பும் இல்லை, மோட்டாரும் இல்லை. யானை வாங்கினாலும் அங்குசம் வேண்டுமே. அவரிடம் அங்குசம் மட்டும் இருந்தது; ஓட்டுவதற்குப் படம் என்கிற யானை இல்லை.

ஒருநாள் தணல் கேட்டு என் குசினிக்கு வந்தவர் பேணியைக் கண்டார்.

"தங்கச்சி, உதுக்குள்ளை என்ன?"

எடுத்துக் காட்டினேன். வெளிச்சத்துக்கு நேரே பிடித்துப் பார்த்தவரின் முகம் மாறிவிட்டது.

"இது எட்டு மில்லிமீற்றர் படம். என்ரை மெசினும் எட்டு மில்லிமீற்றர்தான். ஆர் இந்தப் பொம்பிளை?"

"என் வீட்டுக்காரர்" என்றேன். அவர் பிலிமையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு கதையைச் சொன்னேன்.

"பாட்டில்லாத கூத்தண்ணே. உப்பில்லாத கஞ்சி மாதிரி. இத எதுக்கு எடுத்தானோ அவன்" என்றேன்.

"அப்பிடிச் சொல்லாதேங்கோ. வெள்ளைக்காரங்கள் தங்கடை ஊரிலையும் உப்பிடித்தான் செய்தவங்கள். ஒப்பெரா எண்டு அவங்களுக்கு ஒரு பாட்டு நாடகம் இருக்கு. கதைக்கிறதே இல்லை, எல்லாம் பாட்டுத்தான். படம் ஊமையா இருந்த காலத்திலை அதையும் படமா எடுத்தவங்கள். திரையிலை வாய் மட்டும் அசையும். திரைக்குப் பக்கத்திலை ஆக்கள் நிண்டு, அந்த வாய்க்கு ஏத்த மாதிரி வாசிச்சுப் பாடுவினம். எங்கடை முதலாளியின்ரை தகப்பன் அந்தக் காலத்து ஆள். அவர் கதை கதையாச் சொல்லுவார்."

ஒருவருடைய வாய்க்கு இன்னொருவர் பாடுவதா என்று அன்றைக்கு எனக்குச் சிரிப்பாகத்தான் இருந்தது.

கரண்டில்லாத ஊரில் வெளிச்சத்துக்கு என்ன செய்வது? ஒப்பரேட்டர் மேலே கையைக் காட்டினார். வெயில். முகம் பார்க்கிற கண்ணாடியை என் கொட்டிலுக்கு வெளியே ஒரு கதிரையில் சாய்த்து, சூரியனைச் சுவரில் வெட்டிய ஓட்டை வழியாக மெசினுக்குள் விழுத்தினார். இடையில் ஒரு போத்தல் தண்ணீர், சூடு தணிய. மோட்டார் இருந்த இடத்தில் ஒரு கைபிடி. நாலு சுருளையும் ஒன்றாக ஒட்டினார். உள்ளே சாக்கும் தறப்பாளும் தொங்கவிட்டு இருட்டாக்கினார். திரைக்கு என் வீட்டுக்காரரின் வேட்டியைக் கொடுத்தேன்.

சூரியன் நகர நகரக் கண்ணாடியையும் திருப்பிக்கொண்டிருக்க வேண்டும். அதற்கு ஒப்பரேட்டர் வெளியே நிற்க வேண்டும். அப்படியானால் உள்ளே கைபிடியைச் சுற்றுவது யார்? என் வீட்டுக்காரர் பாடும் வேகம் தெரிந்த ஆள்தான் சுற்ற வேண்டும். வேகமாகச் சுற்றினால் ரதி கோழி மாதிரி ஓடுவாள், மெதுவாகச் சுற்றினால் நடுங்குவாள். அந்த வேகம் என்னைத் தவிர வேறு யாருக்குத் தெரியும்?

"ஒண்டு மட்டும் கவனம்" என்றார் ஒப்பரேட்டர். "சுத்திக்கொண்டே இருந்தால் ஒரு பிரச்சினையும் இல்லை. கை நிண்டால் வெயில் பிலிமைப் பொசுக்கிப்போடும். நிப்பாட்ட வேணுமெண்டால் முதல்லை வெளிச்சத்தை மறைக்கிற இந்தத் தகட்டை விழுத்திப்போட்டுத்தான் கையை எடுக்க வேணும்."

செய்தி மாமாவின் காதுக்குப் போனது. அதே நாள் பின்னேரம் தப்பைத் தோளில் போட்டுக்கொண்டு வந்து நின்றார். எழுபது வயது, ஒரு கண் மங்கல். இடம்பெயர்ந்த நாளிலிருந்து எங்கள் சனம் காமன் கூத்து ஆடவில்லை. ரதி இல்லாமல் எப்படி ஆடுவது?

"மாசி பொறக்கப் போகுது. இந்தப் படத்தையே கூத்தா வச்சிருவோம். நான் தப்படிக்கிறேன், கதை பாடுறேன். எரிஞ்ச மூணாம் நாள் எழுப்பிருவோம். இத்தன வருசப் பாவம் தீரட்டும். அது தீந்தா அவனும் வந்துருவான்."

"பட்டப்பகல்லயா மாமா கூத்து?"

"பகல்ல எரிச்சாங்கள்ல? பகல்லயே எழுப்புவோம்."

அவர் அதோடு நிற்கவில்லை. "ரதி பாட்ட என்னால பாட முடியாது புள்ள. என் தொண்டையில அந்த உசரம் ஏறாது. அவன் பாட்டு உனக்குத்தான் அத்துப்படி. காமன் கூத்துல பொம்பள பாடுறதில்ல, தெரியும். சாமி மன்னிச்சுக்கும். புலம்பல மட்டும் நீ பாடு."

எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. "தாலி கட்டுனவரு எங்க இருக்காருன்னே தெரியல. அவரு வாய்க்கு நான் ஒப்பாரி வைக்கணுமா? நான் பாட மாட்டேன் மாமா. கைபிடிய வேணும்னா சுத்துறேன்."

மாமா தப்பை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

கூத்து நாளில் உச்சி வெயிலில் எங்கள் பத்துக் குடும்பமும் அந்தக் கொட்டிலுக்குள் நெருக்கியடித்துக்கொண்டு உட்கார்ந்தது. வேர்வையில் எல்லோரும் தோய்ந்துபோனோம். நான் சுற்றத் தொடங்கினேன். தொடக்கத்தில் ஒப்பரேட்டரின் கண்ணாடி சரியாக விழாததால் வேட்டி கொஞ்ச நேரம் இருட்டாகவே கிடந்தது. பிறகு வெளிச்சம் வந்தது. லயம் வந்தது. தோளில் தூக்கிவந்த காமன் வந்தான். அவனுக்குப் பக்கத்தில் அவர்.

யாரோ ஒருத்தி "ஆத்தாடி" என்றாள். எறும்பளவாக இருந்தவர் வேட்டியில் ஆளுயரத்துக்கு நின்றார். வாய் அசைந்தது. இருபத்தைந்து வயது. என் கை தானாக அவர் மூச்சைப் பிடித்துக்கொண்டது. அவர் இழுத்துப் பாடும் இடத்தில் மெதுவாக, வெட்டிப் பாடும் இடத்தில் வேகமாக. மாமாவின் தப்பு என் கையோடு வந்தது. கைபிடியில் அவர் பாடுவதை என்னால் உணர முடிந்தது. சத்தம் மட்டும் இல்லை.

சிவன் வந்தார், வைக்கோல் எரிந்தது, காமன் விழுந்தான். புலம்பல் வந்தபோது மாமா பாட்டை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். எல்லோரும் என் பக்கம் திரும்பினார்கள். திரையில் அவர் தலையை விரித்துப்போட்டு, வாயைத் திறந்து, என்னைப் பார்த்தே அழுவது போல இருந்தது. பாட்டின் ஒவ்வொரு சொல்லும் என் நாக்கு நுனியில் நின்றது. பல்லைக் கடித்துக்கொண்டு கையை மட்டும் சுற்றினேன். வளையல் உடைந்தது, பொட்டு அழிந்தது, தாலி சாம்பலில் விழுந்தது. எல்லாம் வெறும் தப்புச் சத்தத்திலேயே நடந்தது. படம் முடிந்து வேட்டி வெள்ளையானது. எல்லோரும் என்னோடு பேசாமலே எழுந்து போனார்கள்.

அந்த இரண்டு நாளும் நான் வெளியே போகவில்லை. பாடியிருக்கலாமோ என்று ஒருமுறை தோன்றும். எதற்குப் பாட வேண்டும் என்று மறுமுறை தோன்றும். மாட்டிடம் கேட்டேன். அது வைக்கோலைத்தான் பார்த்தது.

மூன்றாம் நாள் காலையில்தான் மாமாவுக்கே உறைத்தது: எழுப்புவதற்குப் படத்தில் என்ன இருக்கிறது? பிலிம் புலம்பலோடு முடிந்துவிட்டது. வெறும் வேட்டிக்கு முன்னால் நின்று பாடினால் யார் எழும்புவார்?

"திரையில எரிச்சதத் திரையிலதான் எழுப்பணும்" என்று தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டார்.

ஒப்பரேட்டர் தயங்கித் தயங்கிச் சொன்னார். "ஐயா, பிழையா நினைக்காதேங்கோ. நான் படத்தைச் சுத்தி எடுக்காமல் அப்பிடியே விட்டிட்டன். கைபிடியைப் பின்னுக்குச் சுத்தினால் படம் பின்னுக்கு ஓடும். எரிஞ்சவர் எழும்புவார்."

மாமா வெகுநேரம் யோசித்தார். அது சாமி குற்றமா, இல்லையா? வேறு யாரிடம் கேட்பது? கடைசியில், "எப்படி எந்திரிச்சா என்ன, எந்திரிச்சாச் சரி" என்றார்.

மறுபடியும் உச்சி வெயில், மறுபடியும் பத்துக் குடும்பம். மாமா எழுப்பும் பாட்டைத் தொடங்கினார். நான் பின்னுக்குச் சுற்றினேன்.

சாம்பலிலிருந்து தாலி எழும்பி அவர் கைக்குப் போனது. கையிலிருந்து கழுத்துக்குப் போனது. அழித்த கை நெற்றியைத் தடவ, பொட்டு முழுசாக வந்து உட்கார்ந்தது. மண்ணில் சிதறிக் கிடந்த வளையல் துண்டுகள் துள்ளி வந்து மணிக்கட்டில் கூடின. விரித்த தலை முடிந்தது. கொட்டிலுக்குள் எங்கள் பெண்கள் விசும்பினார்கள். நான் கேட்டுக்கொண்டிருந்ததெல்லாம் இதுதானே. நெருப்பு வைக்கோலுக்குள் சுருண்டு போனது. காமன் எழுந்து நின்றான். எல்லோரும் கையெடுத்துக் கும்பிட்டார்கள்.

அந்த இடத்தில் தகட்டை விழுத்தி நிறுத்தியிருக்க வேண்டும். காமன் எழுந்தாகிவிட்டது, கூத்து முடிந்தது. ஆனால் என் கை விடவில்லை. இன்னும் கொஞ்சம் பார்க்கலாம் என்று சுற்றிக்கொண்டே போனேன். சண்டை போனது, கல்யாணம் போனது. அவர் பின்னுக்குப் பின்னுக்கு நடந்து லயத்து ஓரம்வரை போய்விட்டார். முதல் நாள் இருட்டில் போன துண்டு இப்போதுதான் வெளிச்சத்துக்கு வந்தது.

கூத்து இன்னும் தொடங்காத இடம் அது. அவர் லயத்துச் சுவரோடு நின்று கொசுவத்தைச் சரிசெய்கிறார். ரதி இல்லை, வெறும் அவர்தான். தலையை நிமிர்த்தி நேராகப் பார்த்துச் சிரித்துக்கொண்டு ஏதோ சொல்கிறார். பாட்டு இல்லை, பேச்சு. சைக்கிளில் திரும்பிப் பார்த்துச் சொன்னபோது இருந்த அதே சிரிப்பு, அதே முகம். இன்னும் இரண்டு சுற்றுச் சுற்றினால் அவர் திரையை விட்டுப் போய்விடுவார். அன்றைக்கும் என்னவென்று கேட்காமல் போக விட்டவள் நான். இன்றைக்கும் விடுவதா?

கையை நிறுத்தினேன்.

அவர் நின்றார். வாய் பாதி திறந்தபடி, என்னைப் பார்த்தபடி. ஒரு மூச்சு நேரம் இருக்கும். கன்னத்தில் மண்ணிறமாக ஒரு புள்ளி வந்தது. அது கொப்பளித்தது. வாயும் கண்ணும் சுருண்டு, முகம் இருந்த இடத்தில் ஓட்டை விழுந்து, அதன் வழியாக வெறும் வெயில் வேட்டியில் அடித்தது. ஒப்பரேட்டர் வெளியிலிருந்து ஓடிவந்து தகட்டை விழுத்தினார். பிலிம் தீய்ந்த நாற்றம் கொட்டிலை நிறைத்தது.

"பிலிமிலை ஒரு படம்தான் தங்கச்சி. ஒரேயொரு படம்தான். வெட்டிப்போட்டு ஒட்டிவிடுறன். படம் ஓட்டேக்கை ஒருத்தருக்கும் தெரியாது" என்றார். அவர் பாவம், என்னைத் தேற்றப் பார்த்தார்.

மாமா தப்பைக் கீழே வைத்துவிட்டுத் தட்டுத்தடுமாறி என் பக்கத்தில் வந்தார். திட்டப் போகிறார் என்று நினைத்தேன். அந்தக் கிழவர் என் தலையில் கையை வைத்தார்.

"எரிச்சவதான் எழுப்பணும் புள்ள" என்றார்.

ஒப்பரேட்டர் வெட்டியெடுத்த துண்டை ஒரு கடதாசியில் சுற்றித் தந்தார். சுண்டுவிரல் நகத்தைவிடச் சின்னது. நடுவில் கறுப்பு விளிம்போடு ஒரு ஓட்டை. ஓட்டைக்குக் கீழே அவர் கையும் கொசுவமும் மட்டும் மிஞ்சியிருந்தன.

மூன்றாம் நாள் வரும்வரை காத்திருந்தேன். அன்று உச்சி வெயிலுக்குக் குளித்துவிட்டு, துவைத்த சேலைக்கு அவர் வைப்பது போலக் கொசுவம் வைத்துக் கட்டினேன். சுவர் ஓட்டையால் வெயில் விழுந்த இடத்தில் அந்தத் துண்டை வைத்தேன். தப்பில்லை, சனமில்லை. வாசலில் மாடு மட்டும் படுத்திருந்தது. எழுப்பும் பாட்டை முதலிலிருந்து கடைசிவரை, ஒரு சொல்லும் விடாமல், அவர் பாடுகிற வேகத்திலேயே பாடினேன். பிழை இல்லாமல்தான் பாடினேன், எனக்குத் தெரியும். பாடி முடித்துவிட்டு வாசலைப் பார்த்துக்கொண்டிருந்தேன். வெயில் துண்டை விட்டு நகர்ந்து, நிலத்தில் ஊர்ந்து, அடுப்படிவரை போய்விட்டது.

அவர் வரவில்லை.

அப்போதுதான் புலம்பலைத் தொடங்கினேன். ரதி பாட்டில்தான் தொடங்கினேன். ஆனால் இரண்டாம் அடியிலேயே அது ரதியின் பாட்டாக இல்லை. மாட்டை அவிழ்க்கப் போன ராசா என்றும், வாயை மூடச் சொன்ன பாவி நான் என்றும், திரும்பிப் பார்த்துச் சொன்னது என்னவென்று சொல்லாமல் போனீரே என்றும் எனக்கு வந்ததையெல்லாம் வைத்துப் பாடினேன். பக்கத்துக் கொட்டிலில் ஒப்பரேட்டர் ஏதோ தட்டிக்கொண்டிருந்தார். அந்தச் சத்தம் நின்றது. அவர் வந்து எட்டிப் பார்க்கவில்லை. அதற்காக இன்றைக்கும் அவரைக் கும்பிடுகிறேன்.

மறுநாள் எங்கள் பெண்கள் வந்தார்கள். பாட்டு அவர்களுக்கும் கேட்டிருக்கிறது. அழுது கட்டிப்பிடித்துவிட்டு என் நெற்றியைப் பார்த்துத் திடுக்கிட்டார்கள். பொட்டு வழமையான இடத்தில், வழமையைவிடப் பெரிதாக இருந்தது.

"ஒப்பாரி வச்சுட்டு யாராச்சும் பொட்டு வைப்பாங்களாடி?" என்று ஒருத்தி கேட்டாள்.

"நான் வைப்பேன்" என்றேன். "எரிச்சதும் நான், எழுப்பினதும் நான், அழுததும் நான். பொட்டையும் நானே வச்சுக்கிறேன்."

அடுத்த நிவாரணத்துக்குப் போனபோது விதானையார் பழக்கத்தில் அட்டையைத் திருப்பிப் பார்த்துவிட்டு என் முகத்தைப் பார்த்தார். கேட்க வாயெடுத்தவர் என்ன நினைத்தாரோ, கேட்கவில்லை. நானாகவே சொன்னேன்.

"வெட்டிவிடுங்கோ."

அவர் பேனாவை எடுத்து மெதுவாக ஒரு கோடு இழுத்தார். ஒரு ஆளுக்கான அரிசியை வாங்கித் தலையில் வைத்துக்கொண்டு வீட்டுக்கு நடந்தேன்.